எட்டணா வவுச்சர்

பந்து உதைக்கச் சம்பளம் என்று
முதலாளி சொன்ன அன்றைக்கு
என்ன தலைப்பில் எழுதுவதென்று தெரியாமல்
பேனாவை இரண்டு தரம் உதறினேன்.
பருத்தி வகை, கரி வகை, கோயில் வகை இருக்கிறது.
கால் வகை என்று எப்படி எழுத?
'இதர செலவு' என்று போட்டேன்.

ஆட்டத்துக்கு மூன்று ரூபாய்.
ஜெயித்தால் மேற்கொண்டு இரண்டு.
கோல் ஒன்றுக்கு, போட்டவர் கையில், எட்டணா.
சிங்காநல்லூர் டீக்கடையில் பதினோரு பேரையும்
கல்யாண மாப்பிள்ளை மாதிரி பார்த்தார்கள்.
அது சித்திரையில்.

வைகாசியில் போத்தனூர் ரயில்வேயிடம் நாலு.
குன்னூர்ப் பட்டாளத்திடம் ஏழு;
அதில் இரண்டு மூடுபனிக்குள் போனது,
கோல்கீப்பர் ஆறுச்சாமி
சத்தத்தை வைத்துத்தான் எண்ணினான்.
ஆனியில் வால்பாறை எஸ்டேட்காரர்கள்
அட்டை கடித்த கால்களோடு வந்து ஐந்து.
ஆடி பிறந்ததும் பாலக்காட்டுக் கணவாய்
வாயைத் திறந்துவிட்டது.
நாங்கள் உதைத்த பந்து எங்களிடமே திரும்பி வந்தது.
"காத்து அவிய பக்கமுங்க" என்றான் வெள்ளிங்கிரி.
இடைவேளைக்குப் பிறகு பக்கம் மாறினார்கள்.
காற்று நின்றுவிட்டது.

நைட் ஷிப்ட் முடித்து வந்த கால்கள்.
புருவத்துப் பஞ்சு அப்படியே இருக்கும்.
மில் சங்கு ஊதினால்
செபஸ்தி ஒரு நொடி கேட்டைத் திரும்பிப் பார்ப்பான்,
அந்த நொடியில் ஒரு கோல் போகும்.

சனிக்கிழமை வரிசையில் நிற்பார்கள்.
மூன்று ரூபாயை வாங்கும்போது
கையெழுத்துப் போடுகிற இடத்தையே பார்ப்பார்கள்.
தோத்ததுக்கும் காசா என்று
நாச்சிமுத்துவின் பெண்டாட்டி கேட்டாளாம்.
அவன் வாங்கி வந்த அரிசியைப் பானையில் கொட்டிவிட்டு
கணுக்காலுக்கு எண்ணெய் தேய்த்துக்கொண்டானாம்.

ஜெயித்தால் தரவேண்டிய இருபத்திரண்டு ரூபாய்
காக்கி உறைக்குள் ஒவ்வொரு ஞாயிறும்
மைதானத்துக்கு வரும்.
ஒவ்வொரு ஞாயிறும் என்னோடு சைக்கிளில் திரும்பும்.

புரட்டாசி. போத்தனூர்க்காரர்கள் மறுபடி.
மழை பிடித்துக்கொண்டது,
கரிசல் மண் கணுக்கால்வரை விழுங்கியது.
அவர்கள் ஃபுல்பேக் தேவசகாயம்
தங்கள் கோல்கீப்பருக்குத் தள்ளிய பந்து
சேற்றில் மனசு மாறி
அவர்கள் வலைக்குள்ளேயே போய் உட்கார்ந்தது.
ஆறு மாசத்தில் எங்கள் பேரில் ஒரு கோல்.
ஆட்டம் ஆறுக்கு ஒன்று என்று முடிந்தது,
அது யாருக்கு ஞாபகம்.
எங்கள் ஆட்கள் ஓடிப் போய்
தேவசகாயத்தைக் கட்டிப்பிடித்துக்கொண்டார்கள்.
அவன் அழுதுகொண்டிருந்தான்.

அந்தச் சனிக்கிழமை ஒரு வழக்கு வந்தது.
எட்டணா யாருக்கு?
"பக்கத்துல நின்னது நாந்தானுங்க" என்றான் வெள்ளிங்கிரி.
"நோட்டுல என்னன்னு எழுதியிருக்குது?" என்றான் ஆறுச்சாமி.
எழுதியவன் நான். எடுத்துப் படித்தேன்.
'போட்டவர் கையில்.'
கொஞ்ச நேரம் ரிங் ஃபிரேம் சத்தம் மட்டும் கேட்டது.
அப்புறம் செபஸ்தி
மணியார்டர் கமிஷன் இரண்டணாவை
தன் பையிலிருந்து எடுத்து மேஜைமேல் வைத்தான்.

கார்த்திகையில் தணிக்கை.
ஆடிட்டர் வரிமேல் விரலை வைத்தார்.
"தேவசகாயம், எட்டணா. யாரய்யா இது,
எந்த டிபார்ட்மெண்ட்?"
பின்னால் முதலாளி நின்றிருந்தார்.
"தற்காலிகமுங்க" என்றேன்.
"ரசீது?"
இருந்தது. போத்தனூர் முத்திரை,
பச்சை மையில் கையெழுத்து,
ஓரத்தில் நெருக்கி எழுதிய ஒரு வரி:
அடுத்த தடவை பார்த்துப் போடுகிறேன்.

முதலாளி சிரிக்கவில்லை.
ரசீதை வாங்கி வெளிச்சத்தில் பிடித்துப் படித்தார்,
மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு போய்விட்டார்.
அடுத்த சித்திரையில் அந்த அணி இல்லை.
அந்த வருஷக் கட்டில் இன்றைக்கும்
ஒரு வவுச்சர் குறைகிறது.